‘ஃபெல்’ என்னும் பழஞ்சொல்லை எதிர்கொண்ட இடங்கள்: அனுபவப் பகிர்வு

கெண்டல், கம்பிரியா

இங்கிலாந்தின் வடமேற்கில், கம்பிரியாவில் உள்ள மலையும் ஏரியுமான லேக் டிஸ்டிரிக்ட் பகுதியின் வரைபடத்தை விரித்தால் எங்கு பார்த்தாலும் ‘ஃபெல்’ என்ற சொல் கண்ணில் படும். போஃபெல், ஸ்காஃபெல், பர்க்கர் ஃபெல், எஸ்க்டேல் ஃபெல் என்று அது வந்துகொண்டே இருக்கும். சுற்றுலாக் கையேடுகள் பலவும் இதற்கு ‘மலைச்சிகரம்’ என்று பொருள் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகின்றன. அகராதிகள் கூடுதலாக ஒரு பொருளையும் தருகின்றன: மரமற்ற, புல்லும் ஹெதர் புதரும் பீட் என்னும் கரிய சதுப்பு மண்ணும் மூடிய உயர்ந்த திறந்தவெளி. ஆனால் அந்த நிலத்தில் ஆடு வளர்த்துப் பிழைப்பவர்கள் இச்சொல்லைச் சொல்லும்போது, யாருடைய ஆடுகள் எங்கே மேயலாம் என்ற உரிமையும் அதற்குள் அடங்கியிருக்கிறது. இந்தப் பொருள்தான் மற்ற இரண்டையும் விளக்குகிறது என்பது என் உறுதியான எண்ணம். நண்பர்களும் தாங்கள் இச்சொல்லை எதிர்கொண்ட இடங்களை இங்கே எழுத வேண்டுகிறேன்.

வாஸ்டேல் பள்ளத்தாக்கில், இலையுதிர்காலத்தில் மலையிலிருந்து ஆடுகளைத் திரட்டி இறக்கும் நாளில், ஒரு பண்ணைக் குடும்பத்தோடு நடக்கும் வாய்ப்புக் கிடைத்தது. அங்கே நிலம் மூன்று அடுக்காக இருக்கிறது. வீட்டை ஒட்டி, தீவனப் புல் அறுக்கும் தட்டையான வயல்களுக்கு ‘இன்பை’ என்று பெயர். அதற்கு மேலே, காட்டுச்சரிவிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாக வளைத்துச் சுவர் எழுப்பிய மேய்ச்சல் துண்டுகள் ‘இன்டேக்’ எனப்படும். அதற்கும் மேலே சாந்து பூசாமல் கல்லின் மேல் கல் அடுக்கிய நீண்ட சுவர் ஒன்று மலைச்சரிவை நெடுகக் கட்டிக்கொண்டு போகிறது. அந்தச் சுவரின் கதவைத் திறந்துவிட்ட பண்ணைக்கார அம்மையார், “இதற்கு மேலே எல்லாமே ஃபெல்தான்” என்றார். உச்சியைச் சுட்டி அதற்கு என்ன பெயர் என்று கேட்டேன். அவர் பெயரைச் சொன்னார். சொல்லிவிட்டு, “அங்கே ஆட்டுக்கு என்ன இருக்கிறது, வெறும் கல்” என்றும் சேர்த்துக்கொண்டார்.

ஃபெல் என்பது சிகரத்தின் பெயர் அல்ல என்பதற்கு இங்கிலாந்தின் மிக உயர்ந்த மலையே சான்று. 978 மீட்டர் உயரமுள்ள அந்தச் சிகரத்தின் பெயர் ஸ்காஃபெல் பைக். ‘பைக்’ என்றால் கூரிய முனை. ஃபெல் என்பதற்கே சிகரம் என்று பொருளானால், பின்னால் பைக் என்ற சொல் எதற்கு? முன்பு அந்த மலைத்தொகுதி முழுவதுக்கும் ஸ்காஃபெல் என்ற ஒரே பெயர்தான் வழங்கியது. அதில் எழுந்து நின்ற முனைகளை ‘ஸ்காஃபெல்லின் பைக்குகள்’ என்றார்கள். எஸ்க்டேலுக்கும் டட்டன் பள்ளத்தாக்குக்கும் நடுவே பரந்து கிடக்கும் பர்க்கர் ஃபெல்லில் ஏறி நின்றால், எந்த உச்சிக்கு அந்தப் பெயர் உரியது என்று விரல் நீட்டவே முடியாது. வரைபடத்திலும் அதன் எழுத்துகளை இடைவெளி விட்டுப் பரப்பி, அந்த மூர் நிலம், அதாவது புதர் மண்டிய திறந்த மேட்டுநிலம், முழுவதையும் தழுவும்படி அச்சிட்டிருக்கிறார்கள்.

சிகரம் என்ற பொருள் பொதுமக்களிடம் வேரூன்றியதற்கு மலைநடைப் பழக்கம் பெரிய காரணம். கெண்டல் நகராட்சியின் பொருளாளராக இருந்த வெயின்ரைட் 1955 முதல் 1966 வரை ஏழு தொகுதிகளாக வெளியிட்ட வழிகாட்டிகளில் 214 ஃபெல்களைத் தனித்தனியே வரைந்து விவரித்தார். அதன்பின் ஃபெல் என்பது ஏறி முடித்துப் பட்டியலில் குறித்துக்கொள்ளும் ஒன்றாகிவிட்டது. அந்த வழிகாட்டிகளின் அருமையை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் சொல்லின் பழைய அகலம் அதில் சுருங்கிப்போனதைச் சொல்லத்தான் வேண்டும்.

உரிமை எப்படி இச்சொல்லுக்குள் வந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஃபெல்லின் பெரும்பகுதி ‘காமன்’ எனப்படும் பொது மேய்ச்சல் நிலம். நம் ஊர் வருவாய்க் கணக்கில் உள்ள மேய்ச்சல்கால் புறம்போக்கு நினைவுக்கு வரலாம். ஆனால் இங்கே நிலத்துக்குத் தனி உரிமையாளர் ஒருவர் இருப்பார், மேய்க்கும் உரிமை மட்டும் கீழேயுள்ள குறிப்பிட்ட பண்ணைகளோடு ஒட்டியிருக்கும். யார் எத்தனை ஆடு விடலாம் என்ற அளவுக்கு ‘ஸ்டின்ட்’ என்று பெயர். மேலே பண்ணைக்குப் பண்ணை வேலி கிடையாது. அதற்குப் பதிலாக ‘ஹெஃப்ட்’ என்ற பழக்கம் இருக்கிறது: தாயாடு மேய்ந்த பகுதியைக் குட்டி அதன் பின்னாலேயே திரிந்து கற்றுக்கொள்ளும், அது தன் குட்டிக்குக் கற்றுக்கொடுக்கும். கம்பிரியாவில் இதை ‘ஹீஃப்’ என்பார்கள். பண்ணை கைமாறினாலும் ஆட்டுமந்தை நிலத்தோடேயே தங்கிவிடும் வழக்கம் இதனால்தான். 2001-இல் கோமாரி நோய் பரவியபோது பிரிட்டனில் 2026 இடங்களில் நோய் உறுதியானது. எல்லாவற்றிலும் அதிகம் அடிபட்டது கம்பிரியா. நோயைத் தடுக்க மந்தைகளைக் கொன்றால் வேறு ஆடுகளை வாங்கிவிடலாம், ஆனால் ஃபெல்லை அறிந்த ஆடுகளை எங்கே வாங்குவது என்பதுதான் அன்று அங்கிருந்தவர்களின் பெரிய கவலையாக இருந்தது.

திரட்டி இறக்கிய ஆடுகளை அருகிலிருந்து பார்த்தேன். ஹெர்ட்விக் இனக் குட்டிகள் கறுப்பாகப் பிறந்து, வயது ஏற ஏறப் பழுப்பாகிச் சாம்பல் நிறத்துக்கு வருகின்றன. முகம் மட்டும் உறைபனி படிந்தாற்போல் வெளுத்திருக்கிறது. ஒவ்வொன்றின் கம்பளியிலும் பண்ணைக்கு உரிய நிறப்பூச்சு இருந்தது. அதற்குப் பெயர் ‘ஸ்மிட்’. காதில் பண்ணைக்கொரு விதமான வெட்டு இருந்தது. அந்த அம்மையார் ஒரு பெட்டையாட்டின் காதை விரலிடுக்கில் பிடித்து, ஓரத்தில் சிறு சதுரமாக நறுக்கிய இடத்தைத் தடவிப் பார்த்துவிட்டு, “இது நம்முடையது இல்லை” என்று ஒதுக்கி நிறுத்தினார். எந்த வெட்டு எந்தப் பண்ணைக்கு என்று தொகுத்த வழிகாட்டி நூல்கள் 1817 முதலே அச்சில் வந்திருக்கின்றன.

சொல்லின் பிறப்புப் பற்றி ஐயம் இல்லை. ஸ்காண்டிநேவியர் பேசிய பழைய நார்ஸ் மொழியில் ‘ஃபெல்’, ‘ஃபியாட்ல்’ என்ற இரு வடிவங்களும் மலையைக் குறித்தன. 10-ஆம் நூற்றாண்டில் அயர்லாந்து, மான் தீவு வழியாகக் கம்பிரியாவில் குடியேறிய நார்ஸ் மக்கள் இதைக் கொண்டுவந்தார்கள். ஓடைக்கு ‘பெக்’, மலைக்குளத்துக்கு ‘டார்ன்’, அருவிக்கு ‘ஃபோர்ஸ்’, வெட்டித் திருத்திய நிலத்துக்கு ‘த்வெயிட்’ என்று ஒரு மேய்ச்சல் வாழ்வுக்கு வேண்டிய சொற்கள் எல்லாம் ஒன்றாகவே வந்து இறங்கின. எங்கள் கெண்டலுக்குத் தெற்கே சைசர் என்றொரு மாளிகை உண்டு. கோடையில் மந்தையோடு போய்த் தங்கும் குடிலைக் குறிக்கும் ‘எர்க்’ என்ற சொல்லை நார்ஸ் மக்கள் அயர்லாந்திலும் ஸ்காட்லாந்திலும் வழங்கிய கெய்லிக் மொழியிலிருந்து எடுத்துக்கொண்டார்கள். சிக்ரித் என்ற பெண்ணின் குடில் என்பதே சைசர் ஆயிற்று. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் தன் பெயரில் ஒரு மேய்ச்சற்குடில் வைத்திருந்த அந்தப் பெண்ணைப் பற்றி வேறொன்றும் எஞ்சவில்லை என்றாலும், ஊர்ப்பெயர் அவரை விடாமல் வைத்திருக்கிறது.

லீட்ஸ், யார்க்‌ஷயர்

கெண்டல் நண்பர் சொன்ன மேய்ச்சல் உரிமைக்கு எங்கள் பக்கத்திலும் நல்ல எடுத்துக்காட்டு இருக்கிறது. யார்க்‌ஷயர் டேல்ஸில் 668 மீட்டர் உயரமுள்ள ஃபவுன்டன்ஸ் ஃபெல் என்ற மலையில் பென்னைன் வே என்ற நெடுந்தூர நடைவழி ஏறி இறங்குகிறது. அங்கே நீரூற்று இருப்பதால் வந்த பெயர் என்று உடன் நடந்தவர் ஒருவர் சொன்னார். உண்மையில் அது ஃபவுன்டன்ஸ் மடத்தின் பெயர். 1132-இல் தொடங்கி 1539-இல் எட்டாம் ஹென்றியின் ஆட்சியில் கலைக்கப்பட்ட அந்த சிஸ்டெர்சியத் துறவியர் மடம், கம்பளி வணிகத்தால் பெருஞ்செல்வம் சேர்த்தது. மடம் இருந்த இடம் இந்த மலைக்குக் கிழக்கே பல மைல் தொலைவில். ஆனால் அதன் மந்தைகள் இங்கே மேய்ந்தன; கில்ன்சியில் இருந்த மடத்துப் பண்ணைதான் அவற்றுக்கு மையம். கில்ன்சியிலிருந்து மால்ஹம் நோக்கிப் போகும் மாஸ்டைல்ஸ் லேன் என்ற பழைய மந்தைப் பாதையில் இன்றும் நடக்கலாம். ஆக, ஒரு மலைக்கு அதில் ஆடு மேய்த்தவரின் பெயர் வந்திருக்கிறது.

ஃபவுன்டன்ஸ் ஃபெல்லின் முதுகில் நின்று மேற்கே பார்த்தபோது, எதிரில் பெனிகென்ட் மலை சிங்கம் படுத்தது போல் செங்குத்தாக எழுந்து நின்றது. அதன் பெயரில் ஃபெல் இல்லை. அதன் முற்பகுதியான ‘பென்’, நார்ஸ் மக்கள் வருமுன் இங்கே வழங்கிய பிரிட்டானிக் மொழியில் தலையைக் குறிக்கும் சொல். கண்ணைப் பறிக்கும் சிகரத்துக்கு முன்னவர்கள் வைத்த பெயர் நிலைத்துவிட, மந்தைக்கு உதவும் அகன்ற முதுகு ஃபெல் ஆயிற்று. எல்லா மலைக்கும் இதை விதியாகச் சொல்ல முடியாது. இந்த இரண்டையும் எதிரெதிரே பார்க்கையில் எனக்கு அப்படித் தோன்றியது.

பென்ரித், கம்பிரியா

ஈடன் பள்ளத்தாக்கில் குடியிருப்பவன் என்ற முறையில் சுருக்கமாக ஒன்று. இங்கே கிழக்கு வானத்தை அடைத்துக்கொண்டிருப்பது கிராஸ் ஃபெல். 893 மீட்டர் உயரம், பென்னைன் மலைகளில் மிக உயர்ந்தது. அதற்கு முன்பு ‘ஃபீன்ட்ஸ் ஃபெல்’, அதாவது பேய்களின் ஃபெல் என்று பெயர் வழங்கியதாகச் சொல்வார்கள். அடிவாரத்துக் கிராமங்களை மொத்தமாக ‘ஃபெல்சைட்’ என்பதே வழக்கம்.

வடகிழக்கிலிருந்து வரும் காற்று அந்த மேட்டைத் தாண்டியதும் சரிவில் பாய்ந்து இறங்கும். பிரிட்டனில் தனிப்பெயர் பெற்ற ஒரே காற்று இதுதான்: ‘ஹெல்ம்’. வீசும் நாளில் ஃபெல்லின் தலையில் ஒரு மேகம் தொப்பியாகக் கவிந்திருக்கும். பள்ளத்தாக்கின் மேலே அதற்கு இணையாக இன்னொரு மேகச்சுருள் அசையாமல் நிற்கும். அந்த நாளொன்றில் மில்பர்ன் கிராமத்தில், காற்றில் கார்க் கதவைத் திறக்கவே இரண்டு கையும் தேவைப்பட்டது. சில மைல் தள்ளி வந்ததும் இலைகூட ஆடவில்லை. கடையில் இருந்த முதியவர் காற்றைப் பற்றிப் பேசாமல் “ஃபெல் இன்று சரியில்லை” என்றார். அவருக்கு மேகம், காற்று, மேய்ச்சல் எல்லாம் சேர்ந்தது ஃபெல்.

கிளாஸ்கோ, ஸ்காட்லாந்து

இச்சொல் ஸ்காட்லாந்தின் மேற்குத் தீவுகளில் வேறு உடையில் திரிகிறது. அரன் தீவின் மிக உயர்ந்த மலை கோட் ஃபெல், 874 மீட்டர். அங்கே வடிவம் மாறவில்லை. ஆனால் ரம் தீவுக்குப் போனால் அஸ்கிவல், ஹாலிவல், ட்ரோலவல் என்று மலைப்பெயர்கள் ‘வல்’ என்றே முடிகின்றன. நார்ஸ் மொழியின் ‘ஃபியாட்ல்’ கெய்லிக் பேசுவோர் நாவில் ‘வல்’ என்று மென்மையாகிவிட்டது. பேசியவர்கள் மொழி மாறிய பிறகும் பெயர்களை விடவில்லை.

ட்ரோலவல் என்பது ‘ட்ரோல்’ பூதங்களின் மலை. ரம் மலைகளின் உச்சிச் சரிவுகளில் மாங்க்ஸ் ஷியர்வாட்டர் என்ற கடற்பறவைகள் மண்ணில் வளை தோண்டிக் கூடு கட்டுகின்றன. இருட்டிய பிறகுதான் கடலிலிருந்து திரும்புகின்றன. தீவில் தங்கியிருந்த ஓர் இரவு அந்தக் கூக்குரலைக் கேட்டேன். மண்ணுக்கு அடியிலிருந்து யாரோ தொண்டை கிழிய முறையிடுவது போன்ற அந்த ஓசைதான் பெயருக்குக் காரணம் என்று தீவில் சொல்கிறார்கள், கேட்டவர்களால் அதை மறுக்க முடியாது.

லில்லஹாமர், நார்வே

சொல் புறப்பட்ட பக்கத்திலிருந்து எழுதுகிறேன். இங்கே அது ‘ஃபியெல்’ என்று அன்றாடம் புழங்குகிறது. சுவீடனிலும் டென்மார்க்கிலும் ஐஸ்லாந்திலும் உறவு வடிவங்கள் உண்டு. மரங்கள் நின்றுபோகும் உயரத்துக்கு மேலே உள்ள வெளி முழுவதும் ஃபியெல்தான்; விடுமுறையில் ‘ஃபியெல்லுக்குப் போகிறோம்’ என்றால் சிகரம் ஏறப் போகிறார்கள் என்று யாரும் நினைப்பதில்லை. பாறை என்ற பொருளும் இதற்கு இருக்கிறது. வீட்டுக்கு அடித்தளம் தோண்டும்போது கடப்பாறை ‘டங்’ என்று மோதியதும் வேலையாள் “ஃபியெல்” என்று சொல்லி நிறுத்தினார். ஜெர்மன் மொழியில் பாறையைக் குறிக்கும் ‘ஃபெல்ஸ்’ இதற்கு உறவுச்சொல் என்பதால் எனக்கு வியப்பாக இல்லை.

கெண்டல் நண்பர் சொன்ன உரிமைப் பொருளுக்கு இங்கே சட்டமே இருக்கிறது. 1975-இல் இயற்றிய ‘ஃபியெல்லோவன்’, அதாவது ஃபியெல் சட்டம், பெயரைக் கேட்டால் மலைகளைப் பற்றியது போல் தோன்றும். அது ஒழுங்குசெய்வதோ அரசுப் பொதுநிலங்களில் மேய்ச்சல், கோடைக்குடில், வேட்டை, மீன்பிடி ஆகியவற்றில் ஊராருக்குள்ள உரிமைகளை. அவற்றை நிருவகிக்கும் உள்ளூர்க் குழுவுக்கு ‘ஃபியெல்ஸ்டீர’ என்று பெயர். ஒரு பண்ணை எத்தனை விலங்குகளை மேலே விடலாம் என்பதற்கு இங்கே அடிப்படை, குளிர்காலம் முழுவதும் தன் விளைச்சலைக் கொண்டு அந்தப் பண்ணை எத்தனைக்குத் தீனி போட முடியும் என்பதே. வாஸ்டேலில் ஸ்டின்ட் கணக்கை எப்படி வகுக்கிறார்கள் என்று கெண்டல் நண்பர் விரிவாக எழுதினால், இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம்.