பொருள்: சக்கர ஆஃப்செட் – ‘விலக்கம்’ போதுமா, ‘ஒதுக்கம்’ ஆகுமா?

குழுமத்தாருக்கு வணக்கம்.

இந்த இழையை இன்று காலை முதல் மடலிலிருந்து மறுபடி படித்தேன். சிறிய காருக்கு மாற்றுச் சக்கரமும் டயரும் தேர்ந்தெடுப்பது பற்றி ஒரு கையேடு எழுதிவருகிறேன், அதற்காக ‘ஆஃப்செட்’ என்ற சக்கர அளவுக்குத் தமிழில் ஒரே ஒரு சொல்தான் கேட்டேன். இத்தனை பேர் உட்கார்ந்து யோசித்திருக்கிறீர்கள், மிக்க நன்றி. வந்த கருத்துகளுக்கு ஒவ்வொன்றாகப் பதில் சொல்லிவிட்டு என் முன்மொழிவுக்கு வருகிறேன்.

> ஆஃப்செட்டை ஆஃப்செட் என்றே விட்டுவிடலாமே. டயர், ரிம், நட்டு எல்லாம் அப்படித்தானே இருக்கின்றன?

ஐயா, டயர், ரிம், நட்டு மூன்றையும் நானும் அப்படியே எழுதுகிறேன். அவை கையால் தொட்டுக் காட்டக்கூடியவை, பெயர் எந்த மொழியில் இருந்தாலும் பொருள் கண்முன் கிடக்கிறது. ஆஃப்செட் அப்படியில்லை. அது சக்கரத்தில் எங்கும் தெரியாத ஓர் அளவு. சக்கரத்தின் அகலத்துக்கு நடுவே ஒரு கோடு இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். அந்த நடுக்கோட்டுக்கும், சக்கரம் காரோடு ஒட்டி உட்காரும் முகத்துக்கும் இடையே எத்தனை மில்லிமீட்டர் என்பதுதான் ஆஃப்செட். இல்லாத கோட்டிலிருந்து அளக்கும் அளவுக்குச் சொல்தான் கைகாட்டியாக இருக்க வேண்டும். ஆஃப்செட் என்றால் பலருக்கு அச்சகம் நினைவுக்கு வருகிறது, நிரல் எழுதுவோருக்கு நினைவக முகவரி நினைவுக்கு வருகிறது. சக்கரம் எந்தப் பக்கம் நகரும் என்பது யாருக்கும் தோன்றுவதில்லை.

அது தோன்றாததால் என்ன ஆகும் என்பதை என் காரிலேயே பார்த்தேன். பழைய சக்கரம் 6 அங்குல அகலம், ஈ.டி. 45 (ஈ.டி. என்பது சக்கரத்தின் மேல் பொறித்திருக்கும் ஆஃப்செட் எண்). புதிதாக வாங்கியது 6.5 அங்குலம், ஈ.டி. 38. “ஏழு மில்லிமீட்டர்தானே குறைவு, ஒன்றும் ஆகாது” என்று விற்றவர் சொன்னார். எண் குறைந்தால் சக்கரம் உள்ளே போகும் என்று நானும் நினைத்துக்கொண்டேன். உண்மை நேர்மாறு. ஈ.டி. எண் குறையக் குறைய சக்கரம் வெளியே வரும். அதனால் 7 மி.மீ. வெளியே வந்தது. அகலம் அரை அங்குலம் கூடியதால் பக்கத்துக்கு 6.35 மி.மீ. சேர்ந்தது. மொத்தம் 13.35 மி.மீ. வெளியே! உள்பக்கமோ 0.65 மி.மீ. மட்டுமே நகர்ந்திருந்தது.

தனியாக ஓட்டியபோது ஒன்றும் தெரியவில்லை. நான்கு பேர் ஏறி, ஒரு வேகத்தடையில் பின்பக்கம் அமுங்கியபோதுதான் ‘கர்’ என்று இழுத்தது. இறங்கிப் பார்த்தால், சக்கர வளைவின் உள்மடிப்பில் பெயின்ட் போய்த் தகடு பளபளக்கிறது. டயரின் தோளில் கட்டைவிரல் அகலத்துக்கு ஒரு பட்டை மழமழவென்று தேய்ந்திருக்கிறது, அதன் ஓரத்தில் மெல்லிய ரப்பர் இழைகள் தொங்குகின்றன. அந்த அளவுக்கு ‘உள்ளே’ என்றோ ‘வெளியே’ என்றோ பெயரிலேயே ஒரு குறிப்பு இருந்திருந்தால் நான் கடையிலேயே நின்று யோசித்திருப்பேன்.

> ‘விலக்கம்’ ஏற்கெனவே இருக்கிறது. புதிதாக ஏன் படைக்க வேண்டும்?

அம்மா, இருக்கிற சொல்லைப் பயன்படுத்த வேண்டும் என்பதில் நானும் உங்கள் கட்சி. ஆனால் விலக்கம் ஏற்கெனவே நிறையச் சுமக்கிறது. புள்ளியியலில் அது ஒரு பொருள் தருகிறது, இயற்பியலில் வேறொன்று. ஒருவரை நீக்கினாலும் விலக்கம்தான். அதைவிட, விலக்கம் என்றால் ‘இருக்க வேண்டிய இடத்தில் இல்லை’ என்ற குறை தொனிக்கிறது. ஈ.டி. 45 ஒரு குறை இல்லை. வடிவமைத்தவர் வேண்டுமென்றே வைத்த இடம் அது. முன்சக்கர இயக்கம் கொண்ட சிறிய கார்களில் பெரும்பாலும் 35 முதல் 50 வரை இருப்பதற்குக் காரணம் உண்டு. பிரேக்கும் குடமும் (சக்கரத்தைப் பூட்டும் ‘ஹப்’) சக்கரத்தின் குழிக்குள் அடங்க வேண்டும். ஸ்டியரிங் திரும்பும் அச்சை நீட்டினால் அது தரையைத் தொடும் இடமும், டயரின் நடுப்பகுதி தரையைத் தொடும் இடமும் நெருங்கி இருக்க வேண்டும். சக்கரத்தை வெளியே தள்ளினால் இந்த நெருக்கம் கெடும். பள்ளத்தில் இறங்கும்போது ஸ்டியரிங் கையைப் பிடித்து இழுக்கும், பேரிங்கின் மேல் நெம்புகோல் போட்டது போலச் சுமை ஏறும்.

இழையில் வந்த மற்ற இரண்டு சொற்களில் ‘எதிரீடு’ கணினிப் பக்கம் இருக்கட்டும். ‘நடுவிலகல்’ எனக்கு முதலில் பிடித்திருந்தது. ஆனால் சேர்த்து எழுதினால் ‘நடுவில் அகல்’ என்றும் பிரிகிறது. கண் ஒரு கணம் தடுக்குகிற சொல்லைப் பட்டியலில் போட மனம் வரவில்லை.

> ஈ.டி. என்பது எதன் சுருக்கம்? அதிலிருந்தே மொழிபெயர்க்கலாமே.

ஜெர்மன் சொல்லின் சுருக்கம். ஐன்பிரெஸ்டீஃபெ, அதாவது அழுத்திப் பதித்த ஆழம். ‘பதிவாழம்’ என்று நீங்கள் தந்தது அதற்கு நேரான சொல்தான். எனக்கு அதில் இரண்டு தயக்கங்கள். பதிவு என்றால் இன்று பத்திரப் பதிவும் வலைப்பதிவும்தான். இரண்டாவது, எண் சுழிக்குக் கீழே போகும்போது ‘கழித்தல் பதினைந்து ஆழம்’ என்று எழுத வேண்டியிருக்கும். ஆழம் எப்படிக் கழித்தலாகும்?

சரி, என் முன்மொழிவு. உண்மையில் அது என்னுடையது இல்லை. சக்கர அலைன்மென்ட் பட்டறை வைத்திருக்கும் தம்பி இரண்டாவது மடலிலேயே போகிற போக்கில் இப்படி எழுதியிருந்தார்:

> இந்தக் கார்ல எல்லாம் வீல் நல்லா உள்ளே ஒதுங்கி இருக்கும்ணா. நீங்க போட்டது வெளிய ஒதுங்கிடுச்சு.

தம்பி, நாங்கள் எல்லோரும் அகராதியைப் புரட்டிக்கொண்டிருந்தபோது சொல்லை நீங்கள் மேசைமேல் வைத்துவிட்டீர்கள். ‘ஒதுக்கம்’. வண்டியை ஓரமாக ஒதுக்கு என்கிறோம், மழைக்கு ஒதுங்கினான் என்கிறோம். ஒன்றைவிட்டு ஒரு பக்கமாக, வேண்டுமென்றே தள்ளி நிற்பது. இதில் குறை தொனிக்கவில்லை. பழைய இலக்கியத்தில் ஒதுக்கம் என்றால் நடை என்றும் பொருள் உண்டு. அதற்காக நான் இதை எடுக்கவில்லை. ஆனாலும் உருளும் பொருளுக்கு அது வந்து வாய்த்ததில் மகிழ்ச்சி.

வரையறை இப்படி: சக்கரத்தின் நடுக்கோடு, அதன் அமர்முகத்திலிருந்து எவ்வளவு ஒதுங்கியிருக்கிறது என்பது ஒதுக்கம். காரின் பக்கமாக ஒதுங்கினால் உள்ளொதுக்கம், தெருப்பக்கமாக ஒதுங்கினால் வெளியொதுக்கம். இரண்டும் ஒரே தளத்தில் இருந்தால் ஒதுக்கம் சுழி. கூட்டல் கழித்தல் குறியை இனி யாரும் மனப்பாடம் செய்ய வேண்டாம். ‘உள்ளொதுக்கம் 45இலிருந்து 38ஆகக் குறைந்தது’ என்று படித்ததுமே, சக்கரம் முன்னைவிட வெளியே வந்திருக்கிறது என்பது கணக்குப் போடாமல் விளங்குகிறது. இந்த ஒன்றுக்காகத்தான் ஒதுக்கத்தின் பக்கம் நிற்கிறேன்.

அமர்முகம் என்று எழுதிவிட்டேன். சக்கரம் குடத்தின்மேல் உட்காரும் தட்டையான பரப்புக்கு நான் வைத்த பெயர் அது. மாற்றம் சொன்னால் ஏற்கிறேன். குடம் மட்டும் மாற வேண்டாம். வண்டிச் சக்கரத்துக்குக் குடம், ஆரக்கால், கடையாணி என்று நம்மிடம் முழுக் குடும்பமே இருக்கும்போது ‘மையகம்’ எதற்கு?

> ஒதுக்கம் என்றால் ‘ஒதுக்கீடு’ என்று குழம்ப மாட்டார்களா?

நியாயமான அச்சம். ஆனால் ஒதுக்கீட்டை யாரும் ஒதுக்கம் என்று சுருக்கிச் சொல்வதில்லை, ஒதுக்கத்தையும் யாரும் ஒதுக்கீடு என்று நீட்டுவதில்லை. தவிர, உள்ளொதுக்கம் என்று வரும்போது குழப்பத்துக்கு இடமே இல்லை.

ஒரு சொல் நிற்குமா என்பதைத் தனியாக வைத்துப் பார்த்துச் சொல்ல முடியாது, பத்தியில் போட்டு ஓட்டிப் பார்க்க வேண்டும். கையேட்டிலிருந்து ஒரு பகுதி:

“பழைய சக்கரத்தில் எண் அழிந்திருந்தால் ஒதுக்கத்தை வீட்டிலேயே அளக்கலாம். சக்கரத்தைக் கழற்றி, டயர் இல்லாமல், தெருப்பக்க முகம் கீழே படும்படி ஒரு துணிமேல் கிடத்துங்கள். பின்விளிம்பின் குறுக்கே நேரான சட்டம் ஒன்றை வையுங்கள். சட்டத்திலிருந்து அமர்முகம் வரை அளந்தால் வருவது உள்ளாழம். அடுத்து, விளிம்புக்கு விளிம்பு மொத்த அகலம். ரிம்மின் மேல் 6 ஜே என்று இருந்தாலும் இந்த அகலம் ஏறக்குறைய 178 மி.மீ. வரும், ஏனென்றால் 6 அங்குலம் என்பது டயர் உட்காரும் இடத்தின் அகலம் மட்டுமே. உள்ளாழம் 134, பாதி அகலம் 89 என்றால் மிச்சம் 45. அதுவே உள்ளொதுக்கம்.”

“15 அங்குலத்திலிருந்து 16க்குப் போகிறவர்கள் டயரின் வெளிவிட்டம் மாறாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். 185/65 ஆர் 15 (அகலம் 185 மி.மீ., பக்கச்சுவர் உயரம் அதில் 65 விழுக்காடு, ரிம் 15 அங்குலம்) டயரின் விட்டம் 621.5 மி.மீ. அதற்கு 195/55 ஆர் 16 போட்டால் 620.9, நூலிழை வித்தியாசம். 15 அங்குல ரிம்மிலேயே 195/65 போட்டால் 634.5 ஆகிவிடும். அப்போது வேகமானி 100 காட்டும்போது கார் முன்னைவிட இரண்டு கி.மீ. கூடுதலாக ஓடிக்கொண்டிருக்கும்.”

“விட்டம் பொருந்திவிட்டது என்று நின்றுவிடக் கூடாது. 185/65 ஆர் 15இல் வழக்கமாக வரும் சுமையெண் 88, அதாவது டயருக்கு 560 கிலோ. 195/55 ஆர் 16இல் பரவலாகக் கிடைப்பது 87, அதாவது 545 கிலோ. பெரிதாகத் தெரியும் டயர் தாங்குவது குறைவு! கார்க் கதவின் உள்விளிம்பில் ஒட்டியிருக்கும் தாளிலோ கையேட்டிலோ எவ்வளவு வேண்டும் என்று பார்த்துவிட்டு வாங்குங்கள். வலுவூட்டிய எக்ஸ்.எல். வகையில் 91 கிடைக்கும், அது 615 கிலோ. அதற்கு உரிய காற்றழுத்தம் வேறு.”

சுமையெண்ணைச் சென்ற மாதமே ஏற்றுக்கொண்டோம். ஆணிவட்டம் (சக்கரத்தைப் பூட்டும் ஆணிகளின் நடுப்புள்ளிகள் வழியே செல்லும் வட்டம்), நடுத்துளை (சக்கரத்தின் நடுவிலுள்ள துளை) இரண்டுக்கும் மறுப்பு வரவில்லை என்பதால் அவற்றையும் எழுதத் தொடங்கிவிட்டேன். ஆணிவட்டம் பற்றி ஒரே ஒரு எச்சரிக்கை சேர்க்கிறேன். 4×98ம் (நான்கு ஆணி, 98 மி.மீ. விட்டம்) 4×100ம் பார்வைக்கு ஒன்றுபோலவே இருக்கும். ஒவ்வோர் ஆணியிலும் தவறுவது ஒரு மில்லிமீட்டர்தான், முறுக்கினால் நட்டு ஏறிவிடும். ஆனால் சாய்ந்து ஏறிய நட்டு ஓட ஓட இளகும். இங்கே ‘ஏறக்குறைய’ என்பதற்கு இடமே கிடையாது.

அன்புடன்.

—

மறுமடல், அதே இழை

வணக்கம். ஒரே இரவில் இத்தனை பேர் ‘ஒதுக்கத்துக்கு என் ஒப்புதல்’ என்று எழுதியிருப்பதைப் பார்த்தேன். பதிவாழம் தந்த ஐயாவும் ஒப்பியிருக்கிறார், நன்றி ஐயா. ‘உள்ளாழத்துக்கும் உள்ளொதுக்கத்துக்கும் முதலெழுத்து ஒன்றாக இருக்கிறதே, அவசரத்தில் மாறிவிடாதா’ என்று அம்மா கேட்டது சரியான கேள்வி. 134ஐயும் 45ஐயும் மாற்றிப் படித்தால் வாங்குகிறவருக்கு நட்டம். எனவே உள்ளாழத்தைப் ‘பின்னாழம்’ என்று மாற்றிவிட்டேன், பின்விளிம்பிலிருந்து அளப்பதால் அதுவே பொருத்தமும்கூட.

> ஸ்பேசருக்கு என்ன சொல்வது? எங்க பட்டறைக்கு அதைக் கேட்டு நிறையப் பேர் வர்றாங்க.

தம்பி, ‘இடைத்தட்டு’ என்று வைக்கலாமா? குடத்துக்கும் அமர்முகத்துக்கும் இடையே செருகும் தட்டுதானே அது. புதுச் சொல் இங்கேயும் வேலை செய்கிறது: 5 மி.மீ. இடைத்தட்டு வைத்தால் உள்ளொதுக்கம் 45 இருந்த சக்கரம் 40 இருந்தது போல நிற்கும். கேட்டு வருகிறவர்களிடம் நட்டு எத்தனை சுற்று ஏறுகிறது என்று எண்ணச் சொல்லுங்கள். தட்டின் கனம் ஆணியின் நீளத்தைத் தின்றுவிடும். ஆணி 12 மி.மீ. தடிமன், புரிகளின் இடைவெளி 1.5 மி.மீ. என்றால் எட்டுச் சுற்றாவது முழுதாக ஏற வேண்டும். ஏறவில்லையென்றால் நீளமான ஆணி போட வேண்டும், இல்லை இடைத்தட்டே வேண்டாம்.

பட்டியலில் சேர்க்கப்போகும் வரி இது. எழுத்துப்பிழை இருந்தால் இன்று மாலைக்குள் சொல்லுங்கள்:

ஒதுக்கம் (பெ.) – சக்கரத்தின் நடுக்கோடு அமர்முகத்திலிருந்து தள்ளியிருக்கும் தொலைவு, மி.மீ. அளவில். காரின் பக்கம்: உள்ளொதுக்கம். தெருப்பக்கம்: வெளியொதுக்கம். சக்கரத்தின் மேல் ஈ.டி. என்று பொறித்திருக்கும். காண்க: அமர்முகம், பின்னாழம், இடைத்தட்டு.