ஒரே பாட்டு, இரண்டு வெற்றியாளர்கள்: கெல்லி கிளார்க்சனை வளர்த்தது ஐடலா, அவருடைய பிடிவாதமா?

பின்வரிசைக்காரன்:
நேற்று ராத்திரி தூக்கம் வராமல் 2002 அமெரிக்கன் ஐடல் டிவி பாட்டுப் போட்டியின் ஃபைனலை மறுபடி பார்த்துக்கொண்டிருந்தேன். ஜஸ்டின் குவாரினியைத் தோற்கடித்துவிட்டு, அழுகையை அடக்க முடியாமல் கெல்லி கிளார்க்சன் 'எ மொமென்ட் லைக் திஸ்' பாடுகிறாரே, அந்தக் கடைசிக் காட்சி. அப்போதுதான் ஒன்று உறைத்தது. 2006இல் பிரிட்டனில் அதே மாதிரியான எக்ஸ் ஃபேக்டர் போட்டியை ஜெயித்த லியோனா லூயிஸுக்கும் முதல் சிங்கிளாக (தனியாக வெளியிடும் பாட்டாக) இதே பாட்டைத்தான் கொடுத்தார்கள். சட்டை முன்கூட்டியே தைத்து வைத்தாயிற்று, ஜெயிக்கிறவர் போட்டுக்கொள்ள வேண்டியதுதான் பாக்கி. இந்த மாதிரி ஒரு ஏற்பாட்டிலிருந்து பாடகி வருவாளா என்ன? ஐடல் கெல்லியைக் கண்டுபிடித்தது என்று ஆளாளுக்குச் சொல்கிறார்கள். நான் சொல்வேன், ஐடலிடமிருந்து தப்பித்ததால்தான் கெல்லி இன்னும் பேசப்படுகிறார்.

கேசட் காலத்து ஆள்:
தம்பி, கொஞ்சம் நிதானம். ஐடலுக்கு முன்னால் அந்தப் பெண் என்ன செய்துகொண்டிருந்தார்? லாஸ் ஏஞ்சலிஸுக்குப் போய் வாய்ப்புத் தேடினார், தங்கியிருந்த வீடு தீப்பிடித்து எரிந்தது, டெக்சாஸுக்குத் திரும்பி வந்து பரிமாறும் வேலை பார்த்தார். குரல் அப்போதும் இதே குரல்தானே? ஏன் யாருக்கும் கேட்கவில்லை? நீங்கள் கிண்டல் செய்யும் அந்தத் தைத்து வைத்த சட்டைதான் அமெரிக்கப் பாட்டுத் தரவரிசையான பில்போர்டு ஹாட் 100இல் 52ஆம் இடத்திலிருந்து ஒரே வாரத்தில் முதலிடத்துக்குத் தாவியது. அதுவரை அப்படித் தாவியதில் பீட்டில்ஸ் சாதனைதான் பெரிது, அதையே முறித்துவிட்டது. பாட்டு சுமார்தான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் கோடிக்கணக்கான பேர் வாராவாரம் இருபது வயதுப் பெண் ஒருத்தி ஜெயிப்பதை வீட்டில் உட்கார்ந்து பார்த்தார்களே, அந்தப் பாசத்தை எந்த லேபிளும் (பாட்டு வெளியிடும் கம்பெனியும்) காசு கொடுத்து வாங்க முடியாது.

பின்வரிசைக்காரன்:
அண்ணே, பாசம் சரி. அதே பாசம் ஜஸ்டின் மேலும் இருந்ததே, அவருக்கு என்ன ஆயிற்று? இரண்டு பேரையும் சேர்த்து 2003இல் ஒரு சினிமா வேறு எடுத்தார்கள், வந்த சுவடு தெரியாமல் போனது. ஷோ தரும் வெளிச்சம் அடுத்த சீசன் ஆரம்பிக்கும் வரைக்கும்தான்.

சுருதிப்பெட்டி:
இரண்டு பேரும் ஒரு முக்கியமான விஷயத்தைத் தாண்டிப் போகிறீர்கள். ஜெயித்தவருக்குக் கிடைப்பது வெறும் கோப்பை இல்லை, ஒப்பந்தம். யாருடைய லேபிள், யாருடைய நிர்வாகம், எந்தப் பாட்டு, எல்லாம் அதற்குள் அடங்கிவிடும். பேரம் பேசும் நிலையில் அவர் இருப்பதே இல்லை, ஏனென்றால் போட்டியில் நுழையும்போதே கையெழுத்து வாங்கிவிடுவார்கள்.

கெல்லியின் 'பிகாஸ் ஆஃப் யூ' கதை இதற்குச் சரியான உதாரணம். பதினாறு வயதில் எழுதியது, பெற்றோர் பிரிந்த வலி. முதல் ஆல்பத்துக்கு லேபிளிடம் கொண்டுபோனார், வேண்டாம் என்று ஒதுக்கிவிட்டார்கள். பிறகு பென் மூடி, டேவிட் ஹாட்ஜஸ் என்று இவனெசென்ஸ் ராக் குழுவிலிருந்து விலகிய இரண்டு பேரோடு உட்கார்ந்து சீர்செய்து 2004இல் 'பிரேக்அவே' ஆல்பத்தில் சேர்த்தார். இன்றைக்கு கெல்லி என்றதும் பாதிப் பேர் அந்தப் பாட்டைத்தான் முணுமுணுக்கிறார்கள். அந்த ஆல்பத்துக்கு 2006இல் கிராமி விருது கிடைத்தது. ஜெயித்த ராத்திரி கொடுத்த பாட்டை இப்போது யார் தேடிப் போய்க் கேட்கிறார்கள்? (பின்வரிசைக்காரனைத் தவிர, அதுவும் தூக்கம் வராமல்.)

கேசட் காலத்து ஆள்:
சுருதி அக்கா, பாதிக் கதையைச் சொல்லிவிட்டு நிறுத்தினால் எப்படி? அதே ஆல்பத்தில் 'சின்ஸ் யூ பீன் கான்' இருக்கிறது. அது கெல்லி எழுதியதா? மேக்ஸ் மார்ட்டினும் டாக்டர் லூக்கும் எழுதியது, லேபிள் தலைவர் கிளைவ் டேவிஸ் பிடித்துக் கொடுத்த கூட்டணி. இரண்டாவது கிராமி அந்தப் பாட்டுக்குத்தான். அடுத்து என்ன நடந்தது? என் பாட்டை நானே எழுதுவேன் என்று நின்று 2007இல் 'மை டிசம்பர்' போட்டார். கிளைவ் டேவிஸுக்கு அது பிடிக்கவில்லை, மாற்றச் சொன்னார், இவர் மறுத்தார், சண்டை பத்திரிகை வரை வந்தது. மேனேஜரை நீக்கினார், டிக்கெட் போகவில்லை என்று பெரிய அரங்குகளில் நடக்க இருந்த டூர் ரத்தானது. பிடிவாதம்தான் வளர்த்தது என்கிறீர்களே, இந்தப் பிடிவாதம் என்ன கொடுத்தது?

அதோடு, 2009இல் திரும்ப யாரிடம் போனார்? அதே மார்ட்டின், அதே லூக். 'மை லைஃப் வுட் சக் வித்தவுட் யூ' 97ஆம் இடத்திலிருந்து முதலிடத்துக்கு எகிறியது. அப்போது பிரிட்னி ஸ்பியர்ஸ் வைத்திருந்த தாவல் சாதனையைத் தூக்கி எறிந்தார். லேபிள் சொன்னது சரி என்று இதைவிட வேறெப்படி நிரூபிப்பது?

பின்வரிசைக்காரன்:
'மை டிசம்பர்' பில்போர்டு ஆல்பம் பட்டியலில் இரண்டாம் இடத்தில் அறிமுகமானது, அமெரிக்காவில் பிளாட்டினம் ஆனது. இதைத் தோல்வி என்று சொன்னது யார்? அந்த லேபிள் ஆட்கள்தான். டூரும் அப்புறம் சின்ன அரங்குகளில் நடந்தது. ஒரு பாடகி தன் இஷ்டத்துக்கு ஒரு ஆல்பம் போட்டு, கொஞ்சம் குறைவாக விற்று, அப்படியும் தலை நிமிர்ந்து நின்றால் அதற்குப் பெயர் தோல்வியா? அந்த ஒரு ஆல்பத்துக்குப் பிறகுதான் கெல்லியை யாரும் ஐடல் பெண் என்று கூப்பிடுவதை நிறுத்தினார்கள். நான் அப்போது கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன், நண்பர்களிடம் கெல்லி பிடிக்கும் என்று வெட்கப்படாமல் சொன்னது அந்த வருடம்தான்.

நடுநிசி ரேடியோ:
உங்கள் சண்டைக்கு நடுவே ஒரு விஷயம். ஜெயிக்காமல் இருப்பதுதான் நல்லது. ஜெனிஃபர் ஹட்சன் ஐடலின் 2004 சீசனில் ஏழாம் இடம். 2007இல் கையில் ஆஸ்கர், 2022க்குள் எம்மி, கிராமி, டோனி என்று நான்கு பெரிய விருதுகளும் வந்துவிட்டன. ஆடம் லாம்பர்ட் 2009இல் இரண்டாம் இடம், இப்போது குவீன் இசைக்குழுவோடு மேடையேறுகிறார். அந்த வருடம் ஜெயித்தவர் பெயரை யாராவது தேடாமல் சொல்லுங்கள் பார்ப்போம். ஒன் டைரக்‌ஷன் 2010 எக்ஸ் ஃபேக்டரில் மூன்றாம் இடம்தான். ஜெயித்தவர்களைச் சக்கையாய்ப் பிழிந்துவிடுகிறார்கள், தோற்றவர்கள் கைவீசி நடக்கிறார்கள்.

சுருதிப்பெட்டி:
கிரிஸ் ஆலன். தேடாமல்தான் சொன்னேன்.

நடுநிசி, இந்தப் பட்டியலை நானும் பத்து வருடமாகப் பார்க்கிறேன், எப்போதும் இதே மூன்று நான்கு பெயர்கள்தான். ஒவ்வொரு சீசனிலும் பத்துப் பன்னிரண்டு பேர் இறுதிச் சுற்றுக்கு வருகிறார்கள், ஜெயிப்பது ஒருவர். தோற்ற அத்தனை பேரில் ஜெனிஃபர் ஹட்சன் ஒருத்திதான், மீதிப் பேரை யார் எண்ணினார்கள்? ஜெயித்தவர்களில் கெல்லி இருக்கிறார், 2005இல் ஜெயித்த கேரி அண்டர்வுட் இருக்கிறார், கன்ட்ரி இசையில் அவர் எங்கே நிற்கிறார் என்று பாருங்கள். எண்ணிக்கைக்கு வைத்துப் பார்த்தால் ஜெயித்தவர்கள் பக்கம் ஒன்றும் மோசமில்லை. அப்புறம், ஒன் டைரக்‌ஷன் எங்கே கைவீசி நடந்தார்கள்? தனித்தனியாக வந்த ஐந்து பையன்களை நடுவர்கள் ஒட்டவைத்து குழுவாக்கினார்கள், ஷோ முடிந்ததும் ஒப்பந்தம் போட்டது நடுவர் சைமன் கோவெலின் லேபிளே.

பின்வரிசைக்காரன்:
சரி, நான் ஆரம்பித்த இடத்துக்கே வருகிறேன். லியோனா. குரல் என்று எடுத்தால் கெல்லிக்கு ஒரு மாற்றுக்கூடக் குறைந்தவர் இல்லை, மேல் ஸ்தாயியில் இன்னும் சுத்தம் என்றே சொல்வேன். 'ப்ளீடிங் லவ்' பிரிட்டனிலும் அமெரிக்காவிலும் முதலிடம், முதல் ஆல்பம் 'ஸ்பிரிட்' பில்போர்டில் நேராக முதலிடத்தில் போய் உட்கார்ந்தது. முதல் ஆல்பத்திலேயே அதைச் செய்த முதல் பிரிட்டிஷ் தனிப் பாடகர் அவர்தான். அதற்குப் பிறகு? மூன்றாவது ஆல்பம் தள்ளித் தள்ளி 2012இல் வந்தது. 2014இல் எந்தத் திசையில் போவது என்ற கருத்து வேறுபாட்டில் லேபிளை விட்டு வெளியே வந்தார். கெல்லி 2007இலேயே போட்ட சண்டையை லியோனா ஏழு வருடம் கழித்துப் போட்டார், அதற்குள் ரேடியோ வேறு பக்கம் போய்விட்டது. இதுதான் நான் சொல்ல வந்தது.

கேசட் காலத்து ஆள்:
சீக்கிரம் சண்டை போட்டால் ஜெயிக்கலாம் என்றால் 2009இல் கெல்லி ஏன் தோற்றார்? ரயன் டெட்டர் 'ஆல்ரெடி கான்' பாட்டை இவருக்குக் கொடுத்தார், ஏறக்குறைய அதே தாளக்கட்டோடு 'ஹேலோ'வை பியான்சேவுக்குக் கொடுத்திருந்தார். விஷயம் தெரிந்ததும் கெல்லி அதைச் சிங்கிளாக விடாதீர்கள் என்று கெஞ்சினார். லேபிள் விட்டது. இத்தனை கிராமி வாங்கியும், இவ்வளவு சண்டைக்குப் பிறகும், ஒரு பாட்டை நிறுத்த முடியவில்லை. 'ப்ளீடிங் லவ்' எழுதியவர்களில் ஒருவரும் இதே டெட்டர்தான் என்பது கூடுதல் தகவல். லியோனா தோற்றுவிட்டார் என்று நீங்கள் முடிவு கட்டுவதும் எனக்குப் பிடிக்கவில்லை. 2013இல் போட்ட 'ஒன் மோர் ஸ்லீப்' ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் பிரிட்டன் சார்ட்டுக்குத் திரும்பி வருகிறது. ஒரு பாடகிக்கு அது போதாதா?

சுருதிப்பெட்டி:
அண்ணே, 'ஆல்ரெடி கான்' விஷயத்தில் நீங்கள் என் கட்சிக்கு வந்துவிட்டீர்கள், கவனித்தீர்களா? கையெழுத்துதான் எல்லாம் என்று நான் முதலிலேயே சொன்னேன். அந்த ஒப்பந்தம் தீரும் வரை, 2015 வரை, பதிமூன்று வருடம் அதே லேபிளில்தான் இருந்தார். வெளியே வந்து அட்லாண்டிக் லேபிளில் சேர்ந்த பிறகுதான் தனக்குப் பிடித்த சோல் இசை வகைப் பாட்டுகளாக 2017இல் ஒரு ஆல்பம். விற்பனை பழைய அளவில் இல்லை. ஆனால் அந்தக் குரலில் இருக்கும் நிம்மதியைக் கேளுங்கள்.

நடுநிசி ரேடியோ:
2018இல் தி வாய்ஸ் என்ற டிவி பாட்டுப் போட்டியில் நடுவராக உட்கார்ந்தார், முதல் சீசனிலேயே அவர் அணிப் பெண்தான் ஜெயித்தாள். அடுத்த வருடம் சொந்தமாக டாக் ஷோ, அதில் தினமும் ஒரு பாட்டு, எல்லாம் அடுத்தவர் பாட்டு. ஷோவிலிருந்து தப்பித்தார் என்றீர்களே பின்வரிசை, அவர் டிவியை விட்டுப் போகவே இல்லையே.

பின்வரிசைக்காரன்:
இதற்கு என்னிடம் உடனே பதில் இல்லை. ஆனால் ஐடலில் இந்த வாரம் இதைப் பாடு என்றார்கள், டாக் ஷோவில் நாளைக்கு எதைப் பாடுவது என்பதில் அவருக்கும் ஒரு சொல் இருக்கும். அது சின்ன வித்தியாசமா?

கேசட் காலத்து ஆள்:
சின்னது இல்லை. ஆனால் அந்த நாற்காலியைக் கொடுத்ததும் 2002தான், அதையும் சொல்லு தம்பி. இப்போது இரண்டு பேருடைய 'எ மொமென்ட் லைக் திஸ்' பாட்டையும் அடுத்தடுத்துப் போட்டுக் கேட்டேன். லியோனா எங்கேயும் சறுக்கவில்லை. கெல்லிக்கு ஃபைனல் மேடையில் அழுகை வந்து பாதி வரி விழுங்கிப் போகிறது. நான் இன்னொரு தடவை போட்டது கெல்லியைத்தான்.