நியூயார்க்கில் போலீஸ் வழிமறித்தால்: புதிதாக வந்தவர்களுக்கு

வீடு, வங்கிக் கணக்கு பற்றியெல்லாம் நிறையப் பேர் சொல்லிவிட்டார்கள், நான் தெருவில் போலீஸ் நிறுத்துவதைப் பற்றிச் சொல்கிறேன். "நாம ஒரு தப்பும் பண்ணல, நம்மள ஏன் நிறுத்தப் போறாங்க" என்று நினைத்துத்தான் நானும் இங்கே வந்தேன்.

2011-ல் மட்டும் இந்த ஊர் போலீஸ் 6,85,724 முறை ஆட்களை நிறுத்தியது. கிட்டத்தட்ட 88 சதவீதத்தில் கைதும் இல்லை, சம்மனும் இல்லை. பத்துக்கு எட்டுப் பேருக்கு மேல் கறுப்பினத்தவர்கள், லத்தீனோக்கள் (லத்தீன் அமெரிக்க வம்சாவளியினர்). அந்த வருடம் 14 முதல் 24 வயது வரையான கறுப்பின ஆண்களை நிறுத்திய எண்ணிக்கை, ஊரில் அந்த வயதில் இருந்த கறுப்பின ஆண்களின் மொத்தத் தொகையைவிட அதிகம்! பள்ளிக்கூடம் விட்டு வரும் பையனைச் சுவரில் கைவைத்து நிற்கச்சொல்லி உடம்பெல்லாம் தடவிப் பார்த்தால், நாளைக்கு அவன் வீட்டில் திருட்டுப் போனால்கூட அவன் போலீஸைக் கூப்பிடுவானா?

2013 ஆகஸ்டில் ஃபெடரல் நீதிபதி ஷைரா ஷெய்ண்ட்லின், இப்படி நிறுத்திச் சோதிப்பதைப் போலீஸ் நடத்திய விதம் அரசியல் சட்டத்துக்கு விரோதம் என்று தீர்ப்பளித்தார். 2014-ல் எண்ணிக்கை 46 ஆயிரத்துக்கும் கீழே வந்தது, அதனால் குற்றம் பெருகிவிடவில்லை. கறுப்பினத்தவர்கள், லத்தீனோக்கள் வாழும் இடங்களைச் சொல்லி, "அந்த ஏரியாக்காரங்களுக்கு அது வேணும்" என்று நம்மவர்கள் சிலர் பேசுவதைக் கேட்டால் எனக்கு வயிறு எரிகிறது.

நம்மவர்களுக்கும் இது நடக்கும். 2015-ல் அலபாமா மாநிலத்தின் மேடிசன் ஊரில், குஜராத்திலிருந்து மகன் வீட்டுக்கு வந்த பெரியவர் ஒருவர் காலையில் நடக்கப் போனார். யாரோ ஒருவர் போன் போட்டு, ஒல்லியான கறுப்பு ஆள் சுற்றுகிறான் என்று சொல்ல, ஆங்கிலம் தெரியாத அந்த மனிதரைப் போலீஸ்காரர் தரையில் வீழ்த்தியதில், அவர் உடம்பின் ஒரு பகுதி செயலிழந்துபோனது. அந்தப் போலீஸ்காரர் கடைசியில் விடுதலையாகிவிட்டார்.

சரி, நிறுத்தினால் ஓடாதீர்கள், கைகள் வெளியே தெரியட்டும். "ஆம் ஐ ஃப்ரீ டு கோ?" (நான் போகலாமா?) என்று நிதானமாகக் கேளுங்கள். பையைத் திறக்கச் சொன்னால் "ஐ டோன்ட் கன்சென்ட் டு எ சர்ச்" (சோதனைக்கு நான் சம்மதிக்கவில்லை) என்று வாயால் சொல்லுங்கள், ஆனால் மீறிச் சோதித்தால் கையால் தடுக்காதீர்கள், அது வேறு வழக்காகிவிடும். கைதும் சம்மனும் இல்லாமல் விட்டால், தன் பெயரும் பேட்ஜ் எண்ணும் உள்ள கார்டைப் போலீஸ்காரர் தர வேண்டும், 2018-லிருந்து இங்கே அது சட்டம். தராவிட்டால் கேட்டு வாங்குங்கள்.

அப்புறம், ஊரிலிருந்து வரும் அப்பா அம்மாவை வாக்கிங் அனுப்பும்போது உங்கள் முகவரியும் போன் நம்பரும் எழுதிய அட்டையைக் கழுத்தில் மாட்டி அனுப்புங்கள். சட்டைப்பைக்குள் வேண்டாம், போலீஸ் முன்னால் அவர்கள் பைக்குள் கைவிடுவதே ஆபத்து.