பிளாங்க்டன் சாம்பிள்ல குட்டி ஜெல்லி, இது சொறியோட (பெரிய ஜெல்லிமீன்) குஞ்சா?

வலைக்காரி:
பிளாங்க்டன் வலையில வந்தத மைக்ரோஸ்கோப்ல பாத்துட்டு இருக்கேன். 2 மில்லிமீட்டர் இருக்கும், கண்ணாடி குடை மாதிரி, நடுவுல நாக்கு ஒண்ணு தொங்குது, ஓரம் பூரா குட்டை குட்டையா இழை. சீனியர் ஒருத்தர் சொறியோட குஞ்சுன்னு சொல்லிட்டு டீ குடிக்க போயிட்டார், எனக்கு மனசு ஒப்பல. ரெக்கார்டுல என்னன்னு எழுத?

கடல்பாசி:
குஞ்சு இல்லீங்க. பெரிய சொறியோட குஞ்சு பேரு எஃபைரா, அது குடையாவே இருக்காது, எட்டு கை நட்சத்திரம் மாதிரி, ஒவ்வொரு கை நுனியும் ரெண்டா பிளந்திருக்கும். உங்களுது ஹைட்ரோசோவாங்கற வேற வகுப்பு ஜெல்லி, முழுசா வளந்தாலும் பொடிசுதான். குடைய கவுத்து விளிம்ப பாருங்க, உள்பக்கமா மெல்லிசா ஒரு சவ்வு வளையம் நீட்டிட்டு இருக்கும், அதுதான் வீலம், குடை சுருங்கறப்ப வாசல குறுக்கி தண்ணிய பீச்சி அடிக்க வைக்கும். பெரிய சொறிக்கு அது கிடையாது. வீலம் இல்லன்னா நான் சொன்னது தப்பு.

நண்டுப்பிடி:
அப்படியே கோனாட், அதான் இனப்பெருக்க உறுப்பு, எங்க இருக்குன்னும் பாத்துடுங்க, ஹைட்ரோசோவாக்குள்ள எந்த ஆர்டர்னு (வரிசை) பாதி முடிஞ்ச மாதிரி. நாக்குன்னீங்களே அது மனுப்ரியம், அதோட நுனியிலதான் வாய். கோனாட் அதுமேலயே ஒட்டியிருந்தா ஆந்தோஅத்திகேட்டா, குடை பெரும்பாலும் உசரமா இருக்கும். நடுவுலேர்ந்து விளிம்புக்கு ஓடுற ரேடியல் கெனால் மேல இருந்தா லெப்டோதிகேட்டா, குடை தட்டை. திகான்னா பாலிப் (ஒட்டிக்கிட்டு வாழுற பருவம்) உக்காந்திருக்கிற கிண்ணம், மெடூசாவுக்கு (நீந்துற குடை பருவம்) பேரு அங்கேர்ந்துதான் வருது, அதான் படிக்கிறப்ப குழப்புது. சாகாத ஜெல்லின்னு சொல்றாங்களே டுரிடாப்சிஸ், அது முதல் கோஷ்டி. 2008 நோபல் வாங்கின பச்சை ஒளி புரோட்டீன குடுத்த ஏக்வோரியா ரெண்டாவது.

வலைக்காரி:
நாலு கெனால்லயும் ஒவ்வொரு உருண்டை இருக்கு. ஆனா வீலம் எவ்ளோ தேடியும் காணோமே! சிலது காத்துல மடங்கின குடை மாதிரி உள்வெளியா திரும்பி, மனுப்ரியத்த தூக்கிட்டு நிக்குது.

கடல்பாசி:
அட, ஒபீலியா! நான் வாய விட்டுட்டேன், ஹைட்ரோசோவாலயே வீலம் பேருக்கு மட்டும் இருக்கிற ஆளு அது, அப்படி திரும்பிக்கிறதும் அதோட பழக்கம்தான். விளிம்புல சில டென்டக்கிள் (நீங்க சொன்ன இழை) அடியில ஸ்டேட்டோசிஸ்ட்னு சமநிலை உணர்ற பை இருக்கும், எட்டு வரணும், எண்ணிப் பாருங்க. மெடூசாவ மட்டும் வெச்சு ஸ்பீசிஸ் பிரிக்க முடியாது, ஒபீலியான்னு ஜீனஸோட (பேரினம்) நிறுத்திக்கோங்க.

வலைக்காரி:
ரெண்டு தடவ எண்ணிட்டேன், எட்டேதான். சீனியர் இன்னும் டீ குடிச்சு முடிக்கல.