ஃபாக்லண்டு பிரபு சாவைத் தேடிப் போனது சரியா?

நூலகன்:
மன்னர் சார்லஸும் நாடாளுமன்றமும் மோதிய இங்கிலாந்து உள்நாட்டுப் போரில் என் மனதுக்கு நெருக்கமானவர் லூசியஸ் கேரி, இரண்டாம் ஃபாக்லண்டு பிரபு. கிரேக்கம் கற்று முடிக்கும்வரை லண்டன் பக்கமே போவதில்லை என்று சபதம் எடுத்தவர். ஆக்ஸ்ஃபோர்டு அருகே கிரேட் டியூவில் இருந்த அவர் வீடு அறிஞர்களுக்குத் திறந்தே கிடந்தது. இறையியலாளர் சில்லிங்வொர்த், பின்னாளில் இந்தப் போரின் வரலாற்றை எழுதிய நண்பர் ஹைட், பாதிரியார் ஷெல்டன் எல்லாரும் அங்கே கூடி வாதாடியவர்கள். 1643 செப்டம்பர் 20 அன்று நியூபரியில் நடந்த சண்டையில், மன்னர் தரப்பில் நின்று, குண்டுகள் பாய்ந்துகொண்டிருந்த வேலி இடைவெளிக்குள் குதிரையைச் செலுத்தி உயிரை விட்டார். வயது 33. இரு தரப்பின் தவற்றையும் கண்டவருக்கு வேறு வழி என்ன இருந்தது?

கடற்கரைவாசி:
ஏற்க முடியாது நண்பரே. நாடாளுமன்றத்தைக் கேட்காமல் மன்னர் விதித்த கப்பல் வரிக்குத் துணைபோன நீதிபதிகளை நாடாளுமன்றத்தில் வெளுத்து வாங்கினார். 1641இல் மன்னரின் முக்கிய ஆலோசகர் ஸ்ட்ராஃபர்டின் தலையை வாங்கிய மசோதாவையும் ஆதரித்தார். 1642 ஜனவரியில் அதே மன்னர் சார்லஸின் அமைச்சர்! இதற்குப் பெயர் கட்சி தாவல் இல்லையா?

நூலகன்:
பதவி ஆசை பிடித்தவர் என்றால் ஹைட் ஏன் மன்றாடி ஏற்கவைக்க வேண்டும்? மன்னர் சட்டத்தை மீறியபோது மன்னரை எதிர்த்தார், நாடாளுமன்றம் மீறத் துணிந்தபோது அதை எதிர்த்தார். நிலை மாறவே இல்லை. அமைச்சரான பிறகும் ஒற்றர்களை வைக்க மறுத்தார். அடுத்தவர் கடிதத்தைப் பிரித்துப் படிக்கவும் மறுத்தார்.

கடற்கரைவாசி:
போர்க்காலத்தில் அது பொறுப்பின்மை. சண்டையன்று காலை சுத்தமான சட்டை கேட்டு வாங்கிப் போட்டுக்கொண்டார், பிணத்தை அழுக்குத் துணியோடு யாரும் பார்க்கக் கூடாதாம். அப்படியென்றால் முடிவெடுத்துவிட்டுத்தான் போயிருக்கிறார். சீதனம் இல்லாத பெண் என்று அப்பா பகைத்தும் லெட்டிஸைக் கட்டியவர், அவளையும் பிள்ளைகளையும் நினைத்தாரா?

இளவேனில்:
அண்ணா, அந்தக் கடைசி மாதங்களைக் கொஞ்சம் பாருங்கள். நண்பர்கள் நடுவே வெகுநேரம் பேசாமல் உட்கார்ந்திருந்துவிட்டு, பெருமூச்சோடு "சமாதானம், சமாதானம்" என்பாராம். ஹைட் எழுதியிருக்கிறார். தூக்கம் போய்விட்டது. நொந்துபோன மனிதரிடம் கணக்குக் கேட்பது நியாயமா? இன்னொன்று: கிரேட் டியூவில் உட்கார்ந்து சகிப்புத்தன்மை பேசிய ஷெல்டன் பின்னாளில் காண்டர்பரி பேராயர். எல்லாரும் ஒரே வழிபாட்டு முறையையே பின்பற்ற வேண்டும் என்ற 1662 சட்டத்துக்குப் பணியாத போதகர்களைத் திருச்சபையிலிருந்து விரட்டியபோது அதை முன்னின்று நடத்தியவர்களில் அவரும் ஒருவர்.

கடற்கரைவாசி:
அதனால்தான் அம்மா எனக்கு ஆத்திரம். அன்றைக்கு ஷெல்டனை நேருக்கு நேர் நிறுத்தி "என் வீட்டில் என்ன பேசினாய்?" என்று கேட்கும் தகுதி ஃபாக்லண்டுக்கு இருந்தது. உயிரோடு இருந்திருந்தால் அப்போது வயது 52தான்.