மறு: மறு: அண்டம் விட்டு அண்டம் பாயும் நடுக்கத்துக்கு ஒரு சொல்

கொழிஞ்சாம்பாறை ஆசிரியர்:

குழுவினருக்கு வணக்கம். கேரளத்தில் இருக்கும் எங்கள் பள்ளியின் தமிழ்வழிப் பிள்ளைகள் ஆண்டுவிழாவுக்கு ஒரு கற்பனை நாடகம் எழுதியிருக்கிறார்கள். அடுக்கடுக்காகப் பல அண்டங்கள். ஒவ்வொன்றுக்கும் சொந்தமாக ஒரு நடுக்கம். அது காதில் விழாது, எலும்பில்தான் தெரியும். இரண்டு அண்டங்களின் நடுக்கம் ஒன்றிப்போனால் நடுத்திரை விலகும், ஆள் கடந்துவிடலாம். இதற்கு 'வைப்ரேஷன்' என்று எழுதி வைத்திருக்கிறார்கள். 'அதிர்வு' போதாதா என்று கேட்டால், "அது இயற்பியல் பாடம் சார், மந்திரம் மாதிரி இல்லை" என்கிறார்கள். திங்கட்கிழமை வசனத்தைப் படியெடுக்கக் கொடுக்கணும். உதவுங்கள்.

செங்கோட்டை:

அதிர்வே போதும். அதிர்வெண் (ஃப்ரீக்வென்சி), ஒத்ததிர்வு (ரெசொனன்ஸ்) என்று குடும்பமே தயாராக இருக்கிறது. திரை விலகுவது ஒத்ததிர்வுதானே? மந்திரம் வேண்டுமென்றால் 'மாய அதிர்வு' என்று போடுங்கள். முடிந்தது வேலை.

நகரி:

முடியவில்லை. ஆந்திர எல்லையில் இருந்து சொல்கிறேன். தெலுங்கில் 'அதுரு' என்றால் நடுங்கு, நம் அதிருக்கு உறவுதான். ஆனால் 'அதிரிந்தி' என்றால் இன்று 'அட்டகாசம்' என்று பொருள். எங்கள் தெருவில் இந்த நாடகம் போட்டால், அண்டம் அதிரும் இடத்தில் விசிலடிப்பார்கள்.

பாலக்காடு:

ஸ்பந்தனம்? உங்கள் பிள்ளைகள் மலையாளத்தில் தினமும் கேட்கிற சொல். காஷ்மீர சைவத்தில் 'ஸ்பந்தம்' என்பது இறைவனின் நுண்துடிப்பையே குறிக்கும் தத்துவச் சொல், மறைபொருளும் கிடைத்துவிடும். கடினம் என்றால் கம்பனம், அதுவும் நடுக்கம்தான்.

குமுளி:

'ஸ்ப' என்று தொடங்கும் சொல்லைத் தமிழ் நாடகத்தில் வைக்க என் கை வராது. கம்பனம் என்று சொன்னால் எங்கள் ஊர்ப் பிள்ளைகள் கம்பத்துக்கு அடுத்த பஸ் எப்போது என்று கேட்பார்கள். எல்லையில் இருக்கிற நாமே கடன் வாங்கினால் உள்ளூர்க்காரனிடம் என்ன பேசுவது?

களியக்காவிளை:

என் பரிந்துரை 'ஞிமிறல்'. ஞிமிறு என்றால் வண்டு, சங்கப் பாட்டில் உண்டு. வண்டின் முரலல் காதுக்கு எட்டாத அளவு நுண்மையானால் எப்படி இருக்கும்? அதுதான் ஞிமிறல். சொல்லின் முதலில் வரும் ஞகரத்துக்குத் தொல்காப்பியர் ஆ, எ, ஒ மூன்று உயிர்களையே விட்டார், நன்னூலார் அகரத்தையும் சேர்த்தார், 'ஞி'க்கு இடமில்லை என்று யாராவது வருவீர்கள். தெரியும். விதிக்கு அடங்காமலே ஞிமிறு பறந்திருக்கிறது. எல்லைப் பிள்ளைகளுக்கு ஞகரத் தகராறும் கிடையாது. நாம் நண்டு என்றால் மலையாளத்தில் ஞண்டு, சங்கத்தில் ஞெண்டு. நரம்பு அங்கே ஞரம்பு. அந்த நரம்பு யாழிலும் உண்டு, உடம்பிலும் உண்டு. எலும்பில் உணரும் நடுக்கத்துக்கு இதைவிடப் பக்கத்துச் சொல் ஏது? இன்னும் போனால் ஞாயிறு...

செங்கோட்டை:

அண்ணாச்சி, ஞாயிறு வரை போனால் திங்கள் வந்துவிடும். அவருக்கு வசனம் வேண்டும்.

நாகர்கோவில்:

எலும்பில் இறங்கும் நடுக்கத்தை எங்களுக்குப் புதிதாகக் கற்பிக்க வேண்டியதில்லை. கோயில் கொடைவிழாவில் வில்லுப்பாட்டு ஏறி, உடுக்கு முடுக்கும்போது சாமியாடியின் உடம்பைப் பாருங்கள். அவர் இன்னொரு உலகத்துக்குக் கடந்துதான் நிற்கிறார். உடுக்கின் பழம்பெயர் துடி. புறநானூறு 335 குடிகளை எண்ணும்போது துடி கொட்டும் துடியன்தான் முதலில் நிற்கிறான். மலையாளத்திலும் துடி உண்டு. ஆகவே: துடி. இரண்டெழுத்து, மேடையில் கணீரென்று விழும்.

கொழிஞ்சாம்பாறை ஆசிரியர்:

துடியைப் பிள்ளைகளிடம் சொல்லிப் பார்த்தேன். "நாடித்துடிப்பா சார்?" என்றார்கள். ஞிமிறலுக்குச் சிரித்தார்கள், ஆனால் சரியாக உச்சரித்தார்கள்.

பாலக்காடு:

சரி, ஸ்பந்தனத்தை விட்டுவிடுகிறேன். திருவாசகத்துக்கு வருவோம். திருச்சதகம் தொடங்குவதே "மெய்தான் அரும்பி விதிர்விதிர்த்து" என்றுதான். பயத்தில் வந்த நடுக்கம் இல்லை அது, அருளில் வந்தது. அதே மாணிக்கவாசகர் திருவண்டப்பகுதியில் அண்டங்கள் "நூற்றொரு கோடியின் மேற்பட விரிந்தன" என்கிறார். பிள்ளைகளின் பல்லண்டமும் நடுக்கமும் ஒரே நூலில் கிடைக்கின்றன. விதிர்ப்பு என்று வையுங்கள். எண்ணிக்கைக்கு விதிர்வெண். இரண்டு ஒன்றினால் ஒத்தவிதிர்ப்பு.

குமுளி:

இதற்கு நான் கை தூக்குகிறேன். தமிழ், பழையது, பாடப்புத்தக வாடை இல்லை.

களியக்காவிளை:

எதிர்க்கவில்லை. ஆனால் அதிர், விதிர், உதிர், பிதிர் எல்லாவற்றிலும் 'திர்' நிற்பதைக் கவனித்தீர்களா? அடியில் நடுங்கிச் சிதறுவதைக் குறித்த ஒரு பழைய வேர்...

செங்கோட்டை:

குதிரிலும் 'திர்' இருக்கிறது. நெல் கொட்டி வைக்கிற குதிர் என்றைக்கு நடுங்கியது? எனக்கு இப்போதும் அதிர்வுதான் சரி. இருந்தாலும் தூக்கம் வருகிறது, விதிர்ப்பு என்று எழுதிக்கொள்ளுங்கள்.

நகரி:

விதிர்ப்பு. தெலுங்கில் யாரும் விசிலடிக்க மாட்டார்கள்.

கொழிஞ்சாம்பாறை ஆசிரியர்:

அனைவருக்கும் நன்றி. விதிர்ப்பு என்றே வசனத்தில் மாற்றிவிட்டேன். வண்டு அரக்கனாக வரும் பையன் மட்டும் ஞிமிறல் தனக்கு வேண்டும் என்று கேட்டு வாங்கிக்கொண்டான், அது அவனுடைய ஆயுதத்தின் பெயர்.

நாகர்கோவில்:

என் மாற்றுக்கருத்து பதிவில் இருக்கட்டும். விதிர்ப்பு ஏட்டில் அழகு. ஆனால் பள்ளி மைதானத்து ஒலிபெருக்கியில் கடைசி வரிசைக்கு அது 'எதிர்ப்பு' என்றே கேட்கும். "இரு அண்டங்களின் எதிர்ப்பும் ஒன்றிவிட்டது!" என்று கதாநாயகி முழங்கினால் தேர்தல் கூட்டணி என்று நினைப்பார்கள். துடியை இன்னொரு தடவை யோசியுங்கள் சார், திங்களுக்கு நேரம் இருக்கிறது.