சேமித்த கட்டுரைகளைத் தேடவும் கேட்கவும் என்ன வழி?

கேள்வி

அம்மாவுக்குக் கண் நீர் அழுத்த நோய். எழுத்து இப்போது தெரிவதில்லை, ஆனால் வாசிப்பின் மேல் இருக்கும் ஆசை கொஞ்சமும் குறையவில்லை. வரலாறு, அகழாய்வு, கல்வெட்டு என்று அவருக்குப் பிடித்த கட்டுரைகள் கண்ணில் பட்டால், அப்புறம் படிப்பதற்காகச் சேமிக்கும் ஒரு செயலியில் போட்டுவைத்து இரவில் வாசித்துக் காட்டுவேன். நான்கு வருடத்தில் 640 கட்டுரை சேர்ந்துவிட்டது. விளம்பரம் இல்லாமல் எழுத்தை மட்டும் தருகிறது, நெட் இல்லாதபோதும் திறக்கிறது. அதனால் அந்தச் செயலியை விட மனம் வரவில்லை.

ஆனால் மூன்று விஷயத்தில் தவிக்கிறேன். ஒன்று, தேடல். 'கல்வெட்டு' என்று தேடினால் எல்லாம் வருகிறது. 'தொல்லியல்' என்று தேடினால் மூன்றுதான் வருகிறது. நானே கைப்பட பத்துக்கு மேல் சேமித்திருக்கிறேன்!

இரண்டு, வாசித்துக் காட்டும் வசதி. எனக்கு இரவுப் பணி இருக்கும் நாட்களில் அம்மா தனியாகக் கேட்கட்டும் என்று செயலியில் உள்ள ஒலி பொத்தானை அழுத்தினேன். தமிழ் எழுத்தையெல்லாம் தாண்டிவிட்டு நடுவில் வரும் ஆண்டுகளை மட்டும் ஆங்கிலத்தில் சொல்லிவிட்டு நின்றுபோனது. அம்மா "அவ்வளவுதானா?" என்று கேட்டது மனதை என்னவோ செய்துவிட்டது.

மூன்று, விட்ட இடம் நினைவில் இருப்பதில்லை. நீளமான கட்டுரையைப் பாதியில் நிறுத்தினால் மறுநாள் உச்சியிலிருந்து விரலால் தள்ளிக்கொண்டே வர வேண்டும். செயலியை மாற்றாமல் சமாளிக்க வழி இருந்தால் சொல்லுங்கள்.

பதில் 1

தேடல் சிக்கலுக்குக் காரணம் அநேகமாக 'தொ'தான். கொம்பும் காலும் வரும் ஒகர உயிர்மெய்யை யூனிகோடில் (கணினி, போன்களில் எழுத்துகளைக் குறிக்கும் பொதுக் குறியீட்டு முறை) இரண்டு விதமாக எழுத முடியும். கொம்பு, கால் இரண்டும் சேர்ந்த ஒரே குறியாகவும் எழுதலாம், கொம்பு தனி, கால் தனி என்று இரண்டு குறியாகவும் எழுதலாம். கண்ணுக்கு இரண்டும் ஒன்றுதான். செயலி இரண்டையும் ஒரே வடிவத்துக்குக் கொண்டுவந்த பிறகு தேட வேண்டும், இதற்கு நார்மலைசேஷன் என்று பெயர். அதைச் செய்யாத செயலிக்கு அவை இரண்டு வேறு சொற்கள். 'கல்வெட்டு' சரியாக வருகிறது என்று நீங்கள் எழுதியதுதான் துப்பு. அதில் ஒகரமும் இல்லை, ஓகாரமும் இல்லை.

சோதித்துப் பாருங்கள். தேடலில் சிக்காத ஒரு கட்டுரையிலிருந்து அந்தச் சொல்லை நகலெடுத்துக் குறிப்பு எழுதும் செயலியில் ஒட்டுங்கள். 'தொ'வை அடுத்துக் கர்சரை வைத்து ஒரு தடவை அழியுங்கள். கால் மட்டும் போய் 'தெ' நின்றால் அது பிரிந்த வடிவம். 'த' மட்டும் நின்றால் சேர்ந்த வடிவம்.

தேடுவதற்குச் சுலபமான வழி, சிக்கல் எழுத்தை விட்டுவிட்டு 'ல்லியல்' என்று மட்டும் தேடுவது. சில செயலிகள் சொல்லின் தொடக்கத்தைத்தான் பொருத்திப் பார்க்கும், அங்கே இது பலிக்காது. அப்படியானால் நகலெடுத்த அதே சொல்லைத் தேடல் பெட்டியில் ஒட்டுங்கள். ஆக, ஒரு சொல்லுக்கு இரண்டு தேடல். ஓகாரம், ஔகாரம் வரும் சொற்களுக்கும் இதே கதைதான். ஔகாரத்தில் கடைசிக் குறிக்குப் பதிலாக 'ள' எழுத்தையே போட்டுவிட்டவர்களும் உண்டு என்பதால் அது இன்னும் மோசம்.

பதில் 2

அக்கா, அம்மா கேட்பதற்குச் செயலியின் ஒலிப் பொத்தானை நம்ப வேண்டாம். போனிலேயே அந்த வசதி இருக்கிறது. ஆண்ட்ராய்டில் அமைப்புகளுக்குள் 'டெக்ஸ்ட் டு ஸ்பீச்' என்று தேடி, கூகுள் எஞ்சினில் தமிழ்க் குரலை இறக்கி வையுங்கள். பிறகு அக்சஸிபிலிட்டி பக்கத்தில் 'செலக்ட் டு ஸ்பீக்' என்பதை இயக்குங்கள். எந்தச் செயலியில் இருந்தாலும் திரையில் தெரியும் எழுத்தை அது வாசிக்கும். ஐபோனில் அதே வேலையைச் செய்வது 'ஸ்பீக் ஸ்கிரீன்'. இயக்கிவிட்டு, திரையின் மேலிருந்து இரண்டு விரலால் கீழே இழுக்க வேண்டும்.

என் தாத்தாவுக்கு இப்படித்தான் செய்து கொடுத்தேன். ஆரம்பத்தில் வேகம் அவருக்கு ஒத்துவரவில்லை. ஒரு படி குறைத்த பிறகு கேட்க ஆரம்பித்தார். குரலைப் பழக நாலைந்து நாள் ஆகும், முதல் நாளே விட்டுவிடாதீர்கள்.

பதில் 3

விட்ட இடத்துக்கு நான் செய்வது: நிறுத்திய வரியை அழுத்திப் பிடித்துத் தேர்ந்தெடுத்து, பகிர் பொத்தான் வழியாக வாட்ஸப்பில் எனக்கே அனுப்பிவிடுவேன், கூடவே கட்டுரையின் தலைப்பும். மறுநாள் அந்த வரியில் இரண்டு சொல்லைக் கட்டுரைக்குள் தேடினால் போதும். செயலியில் உள்ளே தேடும் வசதி இல்லையென்றால், மூலக் கட்டுரையை குரோமில் திறந்து, வரியைத் தேர்ந்தெடுத்துப் பகிரும்போது கிடைக்கும் 'லிங்க் டு ஹைலைட்' இணைப்பை வைத்துக்கொள்ளுங்கள். தட்டினால் நேராக அந்த வரியில் போய் நிற்கும். அதற்கு நெட் வேண்டும்.

கேட்காத ஒன்றையும் சொல்கிறேன், 640 கட்டுரை என்பதால். 2007இல் 'ரீட் இட் லேட்டர்' என்று தொடங்கிய, கட்டுரைகளைச் சேமிக்கும் பாக்கெட் செயலி 2025 ஜூலை 8ஆம் தேதி மூடப்பட்டது. இந்த வகைச் செயலிகளில் ஏற்றுமதி செய்தால் பெரும்பாலும் தலைப்பும் இணைப்பும்தான் கையில் வரும், கட்டுரை வராது. மூலத் தளமும் போய்விட்டால் எதுவும் மிஞ்சாது. அம்மா திரும்பத் திரும்பக் கேட்கும் கட்டுரைகளையாவது தனியாக எடுத்து வையுங்கள். பிடிஎஃப் வேண்டாம், அதிலிருந்து தமிழை நகலெடுத்தால் பல நேரம் எழுத்துகள் இடம் மாறிச் சிதைந்துவிடும், குரலும் அதைச் சரியாக வாசிக்காது. வெறும் எழுத்துக் கோப்போ ஈபப் என்ற மின்னூல் கோப்போ நல்லது. வாலபேக் என்ற திறமூலச் செயலி ஈபப் ஆகவே ஏற்றுமதி செய்யும்.

கேட்டவர்

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. 'தொ'வுக்கு அடுத்து வைத்து அழித்தேன், 'தெ' நின்றது! 'ல்லியல்' என்று தேடியதும் 14 கட்டுரை வந்தன. அதில் இரண்டு சொல்லியல் பற்றியவை, மற்றது எல்லாம் நான் தேடிக்கொண்டிருந்ததுதான். தொலைந்துவிட்டது என்று நினைத்த ஒரு நடுகல் கட்டுரையும் கிடைத்தது.

தமிழ்க் குரலை நேற்று போட்டுக் கொடுத்தேன். அம்மா பத்து நிமிடம் கேட்டார். குரல் முற்றுப்புள்ளியில் நிற்கிறது, பத்தி முடிந்தால் கூடுதலாக நிற்பதில்லை, அதனால் ஒரு விஷயம் முடிந்து அடுத்தது தொடங்குவது அவருக்குப் பிடிபடவில்லை என்றார். அவருக்குப் பிடித்த 30 கட்டுரைகளை இப்போது எழுத்துக் கோப்பாக மாற்றிக்கொண்டிருக்கிறேன், பத்திக்கு நடுவில் 'அடுத்த பத்தி' என்று ஒரு வரியை நானே சேர்த்து. 11 முடிந்திருக்கிறது.